பாஸ்தா பேக்கை முன்கூட்டியே செய்து ஃப்ரீசரில் வைப்பது எப்படி?

பொங்கலுக்குப் பிள்ளைகளும் நாத்தனார் குடும்பமும் வந்து சேரும்போது, காணும் பொங்கல் மாலைக்கு 12 பேருக்குப் பாஸ்தா பேக், அதாவது சாஸும் சீஸும் சேர்த்து ஓவனில் சுடும் பாஸ்தா, செய்ய வேண்டும், அதை ஒரு வாரம் முன்பே செய்து ஃப்ரீசரில் வைத்துவிட முடியுமா என்று கும்பகோணத்திலிருந்து கேட்டிருக்கிறீர்கள். சென்ற முறை இப்படிச் செய்து வைத்தபோது மக்கரோனி குழைந்து, தட்டின் அடியில் தண்ணீர் நின்று, மேலே சீஸ் வறண்டு விறைத்து, நடுவில் மட்டும் சில்லென்று இருந்தது என்றும் எழுதியிருக்கிறீர்கள். வீட்டில் இரட்டைக் கதவு ஃப்ரிட்ஜும் 28 லிட்டர் ஓடிஜியும் (மேடையில் வைக்கும் சிறிய மின்சார ஓவன்) இருப்பதாகச் சொல்கிறீர்கள். அவை போதும், தாராளமாகச் செய்யலாம். நீங்கள் பட்டியலிட்ட நான்கு கோளாறுகளும் செய்முறையில் எந்தெந்த இடத்தில் பிறக்கின்றன என்று தெரிந்துகொண்டால் அவை திரும்ப வராது. ஆகவே அளவுகளோடு காரணங்களையும் சேர்த்தே சொல்கிறேன்.

முதலில் என் தீர்மானமான கருத்து: சுட்ட பிறகு உறைய வைக்காதீர்கள், அடுக்கி, சுடாமல், அப்படியே உறைய வையுங்கள். தண்ணீரில் ஒருமுறை வெந்த மக்கரோனி ஓவனில் இரண்டாம் முறை வேகிறது. சுட்டதை உறைய வைத்தால் பரிமாறும் நாளில் மூன்றாம் முறையும் சூடேற வேண்டியிருக்கும், அந்த மூன்றாவது சூட்டைத் தாங்கும் பாஸ்தா எதுவும் கிடையாது. தெற்கு இத்தாலியில் சீத்தி, ரிகட்டோனி போன்ற குழாய் வடிவப் பாஸ்தாக்களைச் சாஸோடும் சீஸோடும் தட்டில் சேர்த்துச் சுடுவதும், வட இத்தாலியின் எமிலியா-ரொமாஞா பகுதியில் லசான்யா என்ற தட்டைப் பாஸ்தாவை அடுக்கடுக்காக வைத்துச் சுடுவதும், கிரேக்கத்தில் பாஸ்டிட்ஸியோ என்ற பாஸ்தா அடுக்கின் மேல் வெள்ளைச் சாஸைக் கனமாக ஊற்றிச் சுடுவதும் எல்லாமே, அடுக்கும் வேலை தனி, சுடும் வேலை தனி என்று பிரிந்து நிற்கும் சமையல்கள்தாம். அந்த இரண்டு வேலைகளுக்கும் நடுவில் கிடைக்கும் இடைவெளியைத்தான் நாம் ஒரு வாரமாக நீட்டிக்கொள்கிறோம்.

12 பேருக்கு, கூடவே வடையும் பலகாரங்களும் இருக்கும் நாட்களில், 500 கிராம் பாஸ்தா போதுமானது. 20 சென்டிமீட்டர் சதுரமும் 5 சென்டிமீட்டர் ஆழமும் உள்ள இரண்டு தட்டுகளில் இது பிரியும். ஒரே பெரிய தட்டாகச் செய்ய வேண்டாம், ஏனென்றால் பெரிய தட்டு உறையவும் நேரமாகும், சூடேறவும் நேரமாகும். நடுவில் சில்லென்று நின்றதற்குப் பாதிக் காரணம் தட்டின் அளவாகத்தான் இருந்திருக்கும். பென்னே அல்லது ரிகட்டோனி வாங்குங்கள். சிறிய வளைந்த மக்கரோனிதான் வேண்டும் என்றால் அதுவும் ஆகும், ஆனால் பாக்கெட்டின் பின்புறம் டியூரம் கோதுமை ரவையால் செய்யப்பட்டது என்று அச்சிட்டிருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். டியூரம் என்பது சாதாரணக் கோதுமையைவிடக் கடினமான, புரதம் மிகுந்த வகை. அதில் செய்த பாஸ்தா வெளிர் மஞ்சளாக, கண்ணாடி போன்ற பளபளப்போடு இருக்கும், வெந்த பிறகும் உருக்குலையாது. சாதாரண ரவையிலும் மைதாவிலும் செய்து விலை மலிவாக வரும் மக்கரோனி அன்றன்றைக்கு உப்புமா போலத் தாளித்துச் சாப்பிட நன்றாகவே இருக்கும், ஆனால் ஃப்ரீசரையும் ஓவனையும் சேர்த்துத் தாங்காது.

5 லிட்டர் தண்ணீர் கொள்ளும் குண்டானோ தவலையோ வைத்து, தண்ணீர் தளதளவென்று கொதித்ததும் 40 கிராம் கல்லுப்பைப் போட்டுப் பிறகு பாஸ்தாவைச் சேருங்கள். பாக்கெட்டில் 11 நிமிடம் என்று போட்டிருந்தால் 8 நிமிடத்தில் இறக்கிவிட வேண்டும். ஒரு துண்டை எடுத்துக் குறுக்கே வெட்டிப் பாருங்கள்: வெளிப்புறம் மென்மையாகி, நடுவில் வெள்ளை வளையமாக வேகாத மாவு மெல்லியதாகத் தெரிய வேண்டும், கடித்தால் பல்லில் லேசாக ஒட்ட வேண்டும். அந்த வெள்ளை வளையம் மறைந்துவிட்டால் பதம் கடந்துவிட்டது என்று பொருள். வடிதட்டில் கொட்டி நீர் வடிந்ததும், பச்சைத் தண்ணீரில் அலசாமல், இரண்டு பெரிய தாம்பாளங்களில் மெல்லியதாகப் பரப்பி, இரண்டு தேக்கரண்டி எண்ணெய் பிசறி, மின்விசிறியின் கீழ் வையுங்கள். அலசினால் மேலே படிந்திருக்கும் மாவுப்பூச்சு போய்விடும், பிறகு சாஸ் பிடிக்காது. குவியலாக விட்டாலோ உள்ளே இருக்கும் சூட்டிலேயே அது தொடர்ந்து வெந்துகொண்டிருக்கும்.

இனி சாஸ். தட்டின் அடியில் நின்ற தண்ணீருக்கு விடை இங்கேதான் இருக்கிறது. மைதாவில் உள்ள மாவுச்சத்து பாலோடு சேர்ந்து வேகும்போது நீரை உறிஞ்சி வீங்கிக் கெட்டியாகிறது. ஆறும்போதும் உறையும்போதும் அந்த மாவுச்சத்து இழைகள் மீண்டும் ஒன்றோடொன்று நெருங்கி இறுகி, உறிஞ்சி வைத்திருந்த நீரை வெளியே தள்ளிவிடுகின்றன. இரவில் மிஞ்சிய சோற்றைத் தண்ணீர் ஊற்றாமல் ஃப்ரிட்ஜில் வைத்தால் மறுநாள் பருக்கை பருக்கையாக விறைத்துப் போகிறதே, அதுவும் இதே மாற்றம்தான். சூடு காட்டினால் சோறு மறுபடி மென்மையாவது போலவே சாஸும் நன்கு சூடேறும்போது பெருமளவு பழைய நிலைக்கு வரும். எனவே பரிமாறும் நாளில் முழுச் சூடு காட்டுவது ஒரு பாதி வைத்தியம். சாஸை முதலிலேயே சற்றுத் தளர்வாகவும் சற்று அதிகமாகவும் செய்வது மறுபாதி. அரைவேக்காட்டில் இருக்கும் பாஸ்தா ஓவனில் அந்த அதிகப்படி நீரைக் குடித்துக்கொள்ளும். அடுக்கும்போது இது என்ன இவ்வளவு தண்ணீராக இருக்கிறதே என்று உங்களுக்குத் தோன்றினால் அளவு சரியாக இருக்கிறது என்று கொள்ளலாம்.

வெள்ளைச் சாஸுக்கு 50 கிராம் வெண்ணெய், 50 கிராம் மைதா, ஒரு லிட்டர் பால். கறந்த பசும்பால் கிடைத்தால் மிக நல்லது. பாக்கெட் பால் என்றால் நிறைகொழுப்புப் பாலாக வாங்குங்கள், ஏனென்றால் கொழுப்பு மிகுந்த சாஸ் உறைந்து உருகும்போது குறைவாகவே திரியும். அடிகனமான பாத்திரத்தில் வெண்ணெயை உருக்கி, மைதாவைச் சேர்த்து, நிறம் மாறாமல் பச்சை வாசனை மட்டும் போகும்வரை இரண்டு மூன்று நிமிடம் சிறு தீயில் கிளறுங்கள். வெதுவெதுப்பான பாலை ஒரு கரண்டி ஊற்றிக் கட்டியில்லாமல் குழைத்த பிறகு அடுத்த கரண்டி என்று படிப்படியாகச் சேர்த்துக்கொண்டே போய், எல்லாப் பாலும் சேர்ந்ததும் ஐந்தாறு நிமிடம் கொதிக்க விடுங்கள். கரண்டியின் முதுகில் மெல்லியதாகப் படிந்து, விரலால் கோடு இழுத்தால் கோடு நிற்கும் பதம் போதும். தோசைமாவுப் பதம் வரை விடவே கூடாது. உப்பு, வெள்ளை மிளகுத்தூள், ஒரு சிட்டிகை ஜாதிக்காய்த்தூள் சேருங்கள். ஜாதிக்காயைத் தூளாக வாங்காமல் நாட்டு மருந்துக் கடையில் முழுக்காயாக வாங்கி அன்றைக்கு உரசிப் போட்டால் அந்த மணமே வேறு. மைதாவுக்குப் பதில் கார்ன்ஃப்ளவர் போடலாமா என்று சிலர் கேட்பதுண்டு. உடனே சாப்பிடுவதற்குப் போடலாம், ஃப்ரீசருக்கு வேண்டாம். கார்ன்ஃப்ளவரில் கெட்டிப்படுத்திய சாஸ் உறைந்து உருகியதும் பஞ்சு போலாகித் தண்ணீரைப் பிரித்துவிடும்.

தக்காளிச் சாஸுக்கு 1¼ கிலோ தக்காளி. நாட்டுத் தக்காளி மட்டும் போட்டால் புளிப்பும் நீரும் அதிகமாக இருக்கும், பெங்களூர்த் தக்காளி மட்டும் போட்டால் சதை இருக்கும், சுவை மட்டமாக இருக்கும். ஆளுக்குப் பாதியாக எடுத்துக்கொள்ளுங்கள். கொதிநீரில் ஒரு நிமிடம் போட்டுத் தோலுரித்து, கையால் பிசைந்து, பொடியாக நறுக்கிய இரண்டு வெங்காயம் வதங்கிய எண்ணெயில் சேர்த்து, எண்ணெய் ஓரத்தில் பிரிந்து வரும்வரை சுண்ட விடுங்கள். முக்கால் லிட்டருக்குச் சற்றுக் குறைவாக வந்து நிற்க வேண்டும். பூண்டும் மிளகும் கிராம்பும் உறைந்திருக்கும் காலத்தில் கடுமையும் கசப்பும் ஏறக்கூடியவை, அதனால் வழக்கமாகப் போடுவதைவிடக் குறைத்தே போடுங்கள். பண்டிகை நாட்களில் வெங்காயம், பூண்டு சேர்க்காத வீடு என்றால் இரண்டையும் முழுதாக விட்டுவிட்டு, உலர்ந்த ஆரிகானோவையும் ஒரு கைப்பிடி துளசி வகையான பேசில் இலையையும் வைத்தே நல்ல சாஸ் செய்யலாம், குறை தெரியாது.

காய்களில் கேரட், பீன்ஸ், பட்டாணி, குடைமிளகாய், இனிப்புச் சோளம் ஆகியவை உறைய வைப்பதற்கு ஏற்றவை. எல்லாம் சேர்ந்து அரை கிலோ இருக்கட்டும். எண்ணெயில் வதக்கி அவற்றின் நீரை முழுக்கப் போக்கிய பிறகே சேர்க்க வேண்டும். உருளைக்கிழங்கு வேண்டவே வேண்டாம், உறைந்து உருகியதும் மணல் மணலாக நீர் கோத்துப் போகும். கத்தரிக்காய் சேர்க்க ஆசை இருந்தால் தயங்காதீர்கள். சிசிலியில் கத்தரிக்காயும் தக்காளியும் சேர்ந்த பாஸ்தா அந்த ஊரின் பெருமை, நம் பக்கத்துக் கத்தரிக்காய் அதற்கு எந்த விதத்திலும் தாழ்ந்ததில்லை. வில்லைகளாக நறுக்கி, உப்புப் பிசறி அரை மணி நேரம் வைத்து, வெளிவரும் நீரைப் பிழிந்துவிட்டு, எண்ணெயில் பொன்னிறமாக வறுத்து அடுக்கின் நடுவில் வைத்தால் மிகச் சிறப்பாக இருக்கும். நாகப்பட்டினம் பக்கம் இறால் சேர்ப்பவர்கள் அதை இந்தத் தட்டோடு உறைய வைக்காமல், பரிமாறும் நாளில் தனியாக வதக்கி மேலே போட்டுக்கொள்வது நல்லது. இருமுறை வெந்த இறால் ரப்பராகிவிடும்.

சீஸ் விஷயத்தில் மொசரெல்லா 300 கிராம், சாதாரண பிராசஸ்டு சீஸ் 100 கிராம் என்று கணக்கு வைத்துக்கொள்ளுங்கள். மொசரெல்லா உறைந்தால் உதிரியாகிவிடும், ஆனால் சூட்டில் உருகும் குணம் போகாது, அதனால் உள்ளே வைப்பதற்குத் தடையில்லை. சென்ற முறை மேலே இருந்த சீஸ் விறைத்ததற்குக் காரணம், அது ஃப்ரீசரின் வறண்ட காற்றில் ஈரத்தை இழந்து, பிறகு முழு நேரமும் ஓவனின் மேல் கம்பிக்கு நேராக நின்றதுதான். ஆகவே மேல்சீஸை உறைய வைக்காமல் 100 கிராம் மொசரெல்லாவைத் தனியாக எடுத்து வைத்து, கடைசிப் பத்து நிமிடத்தில் தூவுங்கள். பார்மெசான் வாங்குவதாக இருந்தால் ஒன்று கவனியுங்கள்: இத்தாலியில் மரபான முறையில் செய்யப்படும் பார்மெசானில் பாலைத் திரிக்கக் கன்றின் வயிற்றிலிருந்து எடுக்கப்படும் ரென்னட் சேர்க்கிறார்கள். உங்கள் வீடு சைவம் என்பதால் பாக்கெட்டில் பச்சைப் புள்ளி இருக்கிறதா என்று பார்க்காமல் எந்தச் சீஸையும் எடுக்க வேண்டாம்.

அடுக்குவதற்கு முன் ஆற வைப்பதைப் பற்றிச் சற்று விரிவாகவே சொல்ல வேண்டும், ஏனென்றால் இது ருசியைத் தாண்டி உடல்நலத்தையே தொடுகிற இடம். வெந்த சோற்றிலும் பாஸ்தாவிலும் பேசில்லஸ் சீரியஸ் என்ற பாக்டீரியாவின் வித்துகள் கொதிநீரையும் தாங்கி உயிரோடு இருக்கும். உணவு வெதுவெதுப்பாக நீண்ட நேரம் கிடந்தால் அவை பெருகி நஞ்சைச் சுரக்கும், அதில் வாந்தியை உண்டாக்கும் ஒரு நஞ்சு மறுபடி சூடுபடுத்தினாலும் அழியாது. அதனால்தான் 5 டிகிரிக்கும் 60 டிகிரிக்கும் இடைப்பட்ட சூட்டில் சமைத்த உணவை இரண்டு மணி நேரத்துக்கு மேல் விடக்கூடாது என்கிறார்கள்; வெயில் 32 டிகிரியைத் தாண்டும் நாட்களில் ஒரு மணி நேரம்தான் கணக்கு. தை மாதத்தில் நம் பக்கம் காற்று குளுமையாக இருப்பதால் உங்களுக்குச் சிரமமில்லை, ஆனால் இதே பதிலைச் சித்திரையில் படித்துச் செய்பவர்கள் இந்த ஒரு மணி நேரத்தை மறக்கக் கூடாது. சாஸ் பாத்திரங்களை ஒரு அகலமான அண்டாவில் தண்ணீரும் பனிக்கட்டியும் போட்டு அதற்குள் இறக்கி, அவ்வப்போது கிளறிவிட்டால் இருபது முப்பது நிமிடத்தில் ஆறிவிடும். ஆறிய வெள்ளைச் சாஸ் இறுகியிருந்தால் கொஞ்சம் பால் விட்டு அடித்துத் தளர்த்திக்கொள்ளுங்கள். பாஸ்தா, சாஸ், காய் எல்லாம் ஆறிய பிறகே ஒன்று சேர வேண்டும். சூடான சாஸில் பாஸ்தாவைக் கலந்து மூடி வைத்ததும், அந்த மூடியில் கோத்த நீர் உள்ளேயே விழுந்ததும்தான் சென்ற முறை குழைவுக்கு வழி செய்திருக்கும்.

இரட்டைக் கதவு ஃப்ரிட்ஜின் மேல்தட்டு பொதுவாக மைனஸ் 18 டிகிரி வரை போகும். போகிறதா என்று அறிய எளிய வழி, ஐஸ்கிரீம் டப்பா ஒன்றை ஒரு நாள் முழுதும் வைத்துப் பார்ப்பது: எடுத்தவுடன் கரண்டி எளிதாக இறங்கினால் அந்தக் குளிர் போதாது, குளிரைக் கூட்டும் குமிழைத் திருக வேண்டும். கதவில் ஒட்டியிருக்கும் நட்சத்திரங்கள் மின்சிக்கனத்துக்கானவை, அவற்றை வைத்துக் குளிரைக் கணிக்க முடியாது. மைனஸ் 18-இல் இந்த உணவு இரண்டு மாதம் வரை சுவை குன்றாமல் இருக்கும். ஒற்றைக் கதவு ஃப்ரிட்ஜில் மேலே இருக்கும் சிறு அறையில் வைப்பவர்கள் ஒரு வாரத்துக்கு மேல் வைக்க வேண்டாம்.

தட்டுகளை ஒரு வாரம் ஃப்ரீசரில் சிறை வைக்கத் தேவையில்லை. தட்டினுள் முதலில் அலுமினியத் தாளை நான்கு பக்கமும் வெளியே தொங்கும்படி விரித்து, அதன்மேல் பட்டர் பேப்பர் போட்டு, அதற்குள் அடுக்குங்கள். தக்காளியின் புளிப்பு அலுமினியத்தை அரித்துப் பொத்தலாக்கும் என்பதால் பட்டர் பேப்பரைத் தவிர்க்காதீர்கள். அடியில் ஒரு கரண்டி தக்காளிச் சாஸ், மேலே காயும் தக்காளிச் சாஸும் கலந்த பாஸ்தா, அதன்மேல் வெள்ளைச் சாஸும் சீஸும், மறுபடி பாஸ்தா, முடிவாகப் பாஸ்தா எதுவும் வெளியே தெரியாதபடி வெள்ளைச் சாஸ் என்று 4 சென்டிமீட்டர் உயரத்துக்கு வரட்டும். மேற்பரப்பில் ஒட்டினாற்போல் இன்னொரு பட்டர் பேப்பரை அழுத்திக் காற்றை வெளியேற்றுங்கள். காற்று படும் இடத்தில் பனி நேரடியாக ஆவியாகி உணவு வறண்டு வெளுத்துப் போவதைத் தடுப்பது இந்தத் தாள்தான். இரண்டு மணி நேரம் ஃப்ரிட்ஜின் கீழ்ப்பகுதியில் வைத்துக் குளிர்ந்ததும் மேலே மாற்றி, ஒன்றன்மேல் ஒன்று வைக்காமல், இரவு முழுதும் உறைய விடுங்கள். மறுநாள் தாளோடு தூக்கினால் செங்கல் போல் கட்டியாக வந்துவிடும். அதை இறுகச் சுற்றி, பிளாஸ்டிக் உறையில் போட்டு, தேதி எழுதித் திரும்ப வையுங்கள். தட்டு உங்கள் கைக்கு வந்துவிடும்.

மின்தடை பற்றியும் ஒரு வார்த்தை. கதவைத் திறக்காமல் இருந்தால் நிறைந்த ஃப்ரீசர் ஏறக்குறைய 48 மணி நேரமும் பாதி நிறைந்தது 24 மணி நேரமும் குளிரைக் காக்கும் என்பது பெரிய ஃப்ரீசர்களுக்கான கணக்கு, வீட்டு ஃப்ரிட்ஜின் மேல்தட்டுக்கு அதைவிடக் குறைவாகவே எடுத்துக்கொள்ள வேண்டும். பராமரிப்புக்காகக் காலை முதல் மாலை வரை நிறுத்தும் நாளை அது தாண்டிவிடும். காலி இடத்தில் தண்ணீர் பாட்டில்களை உறைய வைத்து நிரப்பினால் இன்னும் பலம். ஆனால் ஐப்பசி, கார்த்திகை மழைக்காலத்தில் டெல்டாவில் யாரும் ஃப்ரீசரை நம்பிப் பெரிதாகச் சேர்த்து வைக்க வேண்டாம் என்பேன். 2018 நவம்பர் 16 அன்று வேதாரண்யம் பக்கம் கஜா புயல் கரையைக் கடந்தபோது நாகை, திருவாரூர், தஞ்சை மாவட்டங்களின் பல ஊர்களில் பல நாட்கள் மின்சாரமே வரவில்லை. கட்டியின் நடுவில் பனித்துகள் இன்னும் மிச்சமிருந்தால் மறுபடி உறைய வைக்கலாம். முழுதும் இளகி வெதுவெதுப்பாகிவிட்டால் எவ்வளவு மனம் வலித்தாலும் கொட்டிவிட வேண்டும்.

காணும் பொங்கல் மாலை ஆறு மணிக்குப் பரிமாற, மாட்டுப் பொங்கல் மதியமே வெளியே எடுங்கள். கட்டி கல்லாக இருக்கும்போதே எல்லாத் தாள்களையும் உரித்து, வெண்ணெய் தடவிய அதே தட்டில் இறக்கி, மூடி, ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டில் வையுங்கள். இளகிய பின் தாளை உரிக்க முயன்றால் பாதி சாஸ் தாளோடு வந்துவிடும். சமையல் மேடையில் வைத்து இளக்கவும் வேண்டாம், வெளிப்புறம் வெதுவெதுப்பாகி உள்ளே பனியாகவே நிற்கும். கண்ணாடித் தட்டு என்றால் கூடுதல் கவனம் தேவை: சில்லென்று இருக்கும் கண்ணாடியைச் சூடான ஓவனில் நேராக வைத்தால் வெடிக்கக்கூடும், எனவே அதை அரை மணி நேரம் வெளியே வைத்துவிட்டு, ஓவன் சூடேறத் தொடங்கும்போதே உள்ளே வைத்துவிடுங்கள். உலோகத் தட்டுக்கு இந்தக் கவலை இல்லை.

ஓடிஜியை 180 டிகிரியில் பத்து நிமிடம் முன்சூடு செய்து, தட்டின் ஓரங்களில் அரை டம்ளர் சூடான பாலை விட்டு, அலுமினியத் தாளால் இறுக மூடி, கீழ்ப்படியில் 35 நிமிடம் வையுங்கள். மெல்லிய கத்தியை நடுவில் செருகிப் பத்து விநாடி கழித்து எடுத்துத் தொட்டுப் பார்த்தால் சுரீரென்று சுட வேண்டும். உணவு வெப்பமானி இருந்தால் நடுப்பகுதி 74 டிகிரியைத் தொட வேண்டும். தொடவில்லை என்றால் மூடியபடியே இன்னும் பத்து நிமிடம். அதன்பிறகு தாளை எடுத்து, தனியாக வைத்த மொசரெல்லாவைத் தூவி, நடுப்படிக்கு ஏற்றிப் பத்து நிமிடம் வைத்தால் மேலே பொன்னிறப் புள்ளிகள் விழும். 28 லிட்டர் ஓடிஜியில் ஒரு நேரத்தில் ஒரு தட்டுதான் ஒழுங்காகச் சூடேறும், ஆகவே முதல் தட்டை நாலரை மணிக்கே தொடங்கி, அது வெளியே வந்ததும் இரண்டாவதை வையுங்கள். மூடி வைத்தால் முதல் தட்டு அரை மணி நேரத்துக்கு மேலும் சூடு குறையாமல் இருக்கும். ஓடிஜி ஆயிரத்து ஐந்நூறு வாட் அளவுக்கு இழுக்கும் கருவி, வீட்டு இன்வெர்ட்டர் அதைத் தாங்காது என்பதால் மின்சாரம் இருக்கும் நேரத்தைப் பார்த்தே தொடங்குங்கள்.

வெளியே எடுத்ததும் குழந்தைகள் அவசரப்படுத்தினாலும் 15 நிமிடம் பொறுத்து வெட்டுங்கள், அந்த நேரத்தில் சாஸ் இறுகித் துண்டு துண்டாக எழும்பும். மிஞ்சியதை மூடி ஃப்ரிட்ஜில் வைத்து இரண்டு நாளுக்குள், தேவையான அளவை மட்டும் எடுத்து, நன்றாகச் சூடாக்கிச் சாப்பிட்டுவிடுங்கள். ஒருமுறை இளகிச் சுட்டதை மறுபடி ஃப்ரீசரில் ஏற்ற வேண்டாம். அன்றைக்கு ஆள் குறைவாக இருந்து ஒரே தட்டு போதும் என்று மாட்டுப் பொங்கலன்றே தெரிந்துவிட்டால், இரண்டாவது கட்டியை இறக்காமல் விட்டுவிடுங்கள்; மாசி மாதத்திலும் எடுத்துச் சுடலாம்.